கிண்ணத்தை வரைவதா, வேண்டாமா? ஜப்பானிய மேடையும் சாப்பாடும் ஒரே அனிமேஷனில்

இந்த வருடம் இதே கேள்வி மூன்றாவது முறையாக வந்திருக்கிறது. அனிமேஷன் படிக்கும் இரண்டு மாணவிகள் சேர்ந்து நான்கு நிமிட இறுதியாண்டுப் படம் எடுக்கிறார்கள். ஜப்பானிய மரபு நாடகத்தையும் ஜப்பானியச் சாப்பாட்டையும் ஒரே கதைக்குள் கொண்டுவர ஆசை. கபுகியா (ஆடம்பர உடையும் முகப்பூச்சும் கொண்ட மேடை நாடகம்), ரகுகோவா (ஒரே ஆள் உட்கார்ந்தபடி சொல்லும் சிரிப்புக் கதை), வேறு ஏதாவதா என்பதில்தான் குழப்பம். அவர்களுக்கு முன்னால் கேட்டவர் வீட்டு மாடியறையில் பொம்மைகளைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்திப் படம்பிடிக்கும் ஸ்டாப் மோஷன் எடுப்பவர். அவருக்கும் முன்னால் கேட்டவர், நண்பரின் நூடுல்ஸ் கடைத் திறப்புக்கு முப்பது விநாடிப் படம் செய்து தருவதாக வாக்குக் கொடுத்துவிட்டு முழித்துக்கொண்டிருந்தவர்.

தனித்தனியாகப் பதில் எழுதிக் கை வலித்துவிட்டது. அதனால் எல்லாவற்றையும் இங்கே சேர்த்தே எழுதுகிறேன்.

ஜப்பானிய மேடையில் சாப்பாட்டுக்குப் பஞ்சமே இல்லை. ஆனால் கண்ணுக்குத் தெரிகிற சாப்பாடு மிகக் குறைவு. விசிறியை மடித்தால் குச்சி, விரித்தால் கிண்ணம், மிச்சத்தைப் பார்க்கிறவர் மனம் சமைத்துக்கொள்ளும். ஜப்பானிய அனிமேஷனோ இதற்கு நேர் எதிர். ஆவி பறக்கும் சோறு, இளகிய முட்டை, பளபளக்கும் குழம்பு என்று நம் நாக்கைக் கட்டி இழுப்பதே அதன் பெருமை. ஒன்று சாப்பாட்டை மறைத்து ருசி காட்டுகிறது, மற்றது வரைந்து காட்டுகிறது. இரண்டையும் சேர்க்கப்போகிறவர் முதலில் முட்டிக்கொள்வது இங்கேதான்.

நானும் முட்டிக்கொண்டேன். சில வருடங்களுக்கு முன் ஒரு ரகுகோ கதையை எடுத்து, ஒருவர் நூடுல்ஸ் உறிஞ்சும் பன்னிரண்டு விநாடிக் காட்சியை மாய்ந்து மாய்ந்து வரைந்தேன். நூடுல்ஸ் ஒவ்வொரு இழையும் தனி. பார்த்தவர்கள் "பசிக்குது" என்றார்கள், யாரும் சிரிக்கவில்லை. கதையோ சிரிப்புக் கதை. பிறகு ஒரு நண்பர் நூடுல்ஸ் லேயரை மட்டும் அணைத்துப் போட்டுக் காட்டச் சொன்னார். வெறும் காற்றை ஒருவர் அவ்வளவு ருசித்து உறிஞ்சுவதைப் பார்த்ததும் அறையில் எல்லோரும் சிரித்துவிட்டார்கள். மூன்று வார வேலை போனது. போனாலும், "எந்த நாடகம் அழகு?" என்று கேட்பதை அன்றோடு விட்டேன். "இந்தக் கதையில் கிண்ணத்தை வரைய வேண்டுமா, வேண்டாமா?" என்றுதான் இப்போது கேட்டுக்கொள்கிறேன்.

## எதை வைத்து எடை போடுவது

முதலில், சாப்பாடு அந்த மேடையில் எங்கே இருக்கிறது என்று பாருங்கள். நடிகர் வாயிலா, பேச்சிலா, பார்வையாளர் மடியிலா? மேலே சொன்ன கேள்விக்குப் பதில் இதிலிருந்துதான் வரும்.

அடுத்தது உழைப்பு. விநாடிக்கு 24 ஃபிரேம். ஒரு படத்தை மூன்று ஃபிரேமுக்கு நிறுத்தி வைப்பது ஜப்பானியத் தொலைக்காட்சி அனிமேஷனில் பழகிய சிக்கனம், அப்படியானால் விநாடிக்கு 8 படம். நான்கு நிமிடத்துக்கு 1,920 படங்கள். ஒன்றுக்கு அரை மணி நேரம் என்று வைத்தாலும் 960 மணி நேரம், தினம் எட்டு மணி நேரம் உட்கார்ந்தால் 120 நாள். எந்த நாடக வடிவம் எவ்வளவு அசைவு கேட்கிறது என்பது இதனால்தான் முக்கியம்.

மூன்றாவது காது. உறிஞ்சும் சத்தம், ஊற்றும் சத்தம், அரிசி கொதிக்கும் சத்தம் ஆகியவற்றை யார் எழுப்புகிறார்கள், அதற்கு உங்களிடம் ஆள் இருக்கிறதா?

நான்காவது விளக்கச் சுமை, அதாவது தமிழ்ப் பார்வையாளருக்கு எவ்வளவு சொன்னால் கதை புரியும் என்பது. ஐந்தாவது உரிமை. பழங்கதைகளுக்கு இப்போது உரிமை கோர யாரும் இல்லை. ஆனால் ஒரு கலைஞரின் பதிவை எடுத்து அதன் குரலைப் போடுவதும், அவர் அசைவை அப்படியே டிரேஸ் செய்வதும் வேறு விஷயம், அதைச் செய்யாதீர்கள்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். நோ-கியோகென் (முகமூடி நாடகமும் அதற்கு நடுவே வரும் சிரிப்பு நாடகமும்), புன்ராக்கு (பொம்மை நாடகம்), கபுகி மூன்றும் 2008 முதல் யுனெஸ்கோ பட்டியலில் இருக்கின்றன, ஜப்பானிய உணவு மரபான வாஷோகு 2013-ல் சேர்ந்தது. ரகுகோ அதில் இல்லை. விண்ணப்பத்தில் எழுத நன்றாக இருக்கும் என்பதற்காகக் கபுகியைத் தேர்ந்தெடுத்தவர்களை எனக்குத் தெரியும். அது ஒரு அளவுகோல் ஆகாது.

அவசரக்காரர்களுக்கு ஒரு அட்டவணை:

| வடிவம் | சாப்பாடு எங்கே | வரையும் சுமை | பிறகு தெரியவரும் செலவு |
|---|---|---|---|
| ரகுகோ | விசிறியிலும் வாய்ச் சத்தத்திலும் | குறைவு | குரல் நடிகர் |
| கியோகென் | பேச்சில், ஒரு மரப்பெட்டியில் | மிகக் குறைவு | நேரக் கணக்கு, ஒத்திகை |
| கபுகி | உண்மையாகவே மேடையில் | மிக அதிகம் | உடை வேலைப்பாடு, கால ஆராய்ச்சி |
| புன்ராக்கு | பொம்மையின் கையில், வாய்க்குப் போகாது | பொம்மை செய்தால் அதிகம் | நீண்ட காட்சி |
| நோ | கதைக்கு வெளியே அடுப்பில் | குறைவு | பார்வையாளரின் பொறுமை |

## ரகுகோ: ஆள் ஒன்று, விசிறி ஒன்று

மெத்தை ஒன்றில் மண்டியிட்டு உட்கார்ந்த ஒருவர். கையில் ஒரு விசிறி, ஒரு கைத்துண்டு. எழுந்திருக்கவே மாட்டார். முகத்தை இடப்பக்கம் திருப்பினால் ஒருவர், வலப்பக்கம் திருப்பினால் இன்னொருவர். டோக்கியோவில் உவேனோ, ஷின்ஜுகு, அசாகுசா, இகேபுகுரோ ஆகிய இடங்களில் இதற்கென்றே அன்றாடம் நிகழ்ச்சி நடக்கும் அரங்குகள் உண்டு.

சாப்பாட்டுக் கதைகள் இங்கே குவிந்து கிடக்கின்றன. எல்லோரும் முதலில் கைவைப்பது "தொகிசோபா". (சோபா என்றால் உட்காரும் சோபா இல்லை, பக்வீட் மாவில் செய்த மெல்லிய நூடுல்ஸ்.) எடோ (டோக்கியோவின் பழைய பெயர்) நகரத்து இரவில் தள்ளுகடையில் ஒருவன் சோபா சாப்பிடுகிறான். விலை 16 மோன், அதாவது 16 காசு. கிண்ணத்தைப் புகழ்கிறான், குச்சியைப் புகழ்கிறான், சாறைப் புகழ்கிறான். காசு எண்ணிக் கொடுக்கும்போது, "...ஆறு, ஏழு, எட்டு, இப்ப மணி என்ன?" "ஒன்பது." "பத்து, பதினொன்று..." என்று பதினாறுவரை போய்விடுகிறான். ஒரு காசு மிச்சம். ஒளிந்து பார்த்த அசடன் மறுநாள் இதையே செய்யப் போகிறான், ஆனால் கொஞ்சம் சீக்கிரம் போய்விடுகிறான். எட்டு எண்ணிவிட்டு மணி கேட்டால் "நான்கு" என்று பதில் வருகிறது. "ஐந்து, ஆறு..." என்று தொடங்கி, மொத்தம் இருபது காசு கொடுத்துவிட்டு வருகிறான்.

எண்களை வைத்த வேடிக்கை என்பதால் தமிழில் அப்படியே நிற்கும், அது பெரிய வரம். சிக்கல் எங்கே என்றால், அன்றைய ஜப்பானிய நேரக் கணக்கு இறங்குமுகமாக ஓடியது. நள்ளிரவு ஒன்பது, பிறகு எட்டு, ஏழு என்று இறங்கி நான்கில் முடிந்து மறுபடி ஒன்பது. நள்ளிரவுக்கு முந்தைய வேளைதான் "நான்கு". இதை முன்கூட்டியே எங்காவது செருகாவிட்டால் "சீக்கிரம் வந்தவனுக்கு எப்படி நாலு மணி?" என்று பார்வையாளர் அங்கேயே நின்றுவிடுவார். ஒரு காவலாளி மணியடித்துப் போவதாகத் தொடக்கத்தில் காட்டினால் தப்பிக்கலாம்.

அசடனுக்குக் கிடைக்கும் சோபா படு மோசம். கிண்ணத்தின் விளிம்பு உடைந்திருக்கும், சாறு வாயில் வைக்க முடியாது. நல்ல கலைஞர் இரண்டு சோபாவையும் உறிஞ்சும் சத்தத்திலேயே பிரித்துக் காட்டிவிடுவார். தடித்த உதோன் நூடுல்ஸ் என்றால் அதற்கு வேறு சத்தம். இந்தக் காட்சியில் கிண்ணத்தை வரைந்தீர்களோ, இரண்டாவது கிண்ணம் மோசம் என்பதைக் கண் முதலிலேயே சொல்லிவிடும், சத்தத்துக்கு வேலை இல்லாமல் போகும்.

"மெகுரோவின் சன்மா" வேறு ரகம். வெளியே போன பிரபு ஒருவர் மெகுரோ என்ற உள்நாட்டுக் கிராமப்புறத்தில் பசியோடு இருக்கும்போது, ஏழைகள் தின்னும் சன்மா மீனைக் கரியில் சுட்ட சூட்டோடு சாப்பிட்டு மயங்கிப்போகிறார். அரண்மனையில் அதையே கேட்டால், சமையல்காரர்கள் கொழுப்பை எல்லாம் வேகவைத்து எடுத்து, முள்ளை எல்லாம் பிடுங்கி, வெளிறிய பண்டமாகக் கொண்டுவந்து வைக்கிறார்கள். "எங்கே வாங்கியது?" "மீன் சந்தையில்." "அதான் தப்பு, சன்மா என்றால் மெகுரோதான்!" கடலே இல்லாத ஊர் மெகுரோ. இந்தக் கதையில் நான் என் விதியை நானே மீறுவேன். கருகி எண்ணெய் தெறிக்கும் மீனையும், குளித்துவிட்டு வந்தது போன்ற அந்த அரண்மனை மீனையும் வரைந்தே ஆக வேண்டும். சிரிப்பு அந்த இரண்டு தட்டுகளில்தான் இருக்கிறது.

இன்னொரு விதிவிலக்கு, யமமுரா கோஜி 2002-ல் எடுத்த பத்து நிமிடப் படம் "அதாமயாமா". ஒரு கஞ்சன் செர்ரிக் கொட்டைகளைத் துப்ப மனமில்லாமல் விழுங்குகிறான். தலையில் செர்ரி மரம் முளைக்கிறது, ஊரே அங்கே வந்து பூப் பார்த்துக் குடித்துக் கூத்தடிக்கிறது. மரத்தைப் பிடுங்கினால் பள்ளத்தில் தண்ணீர் தேங்குகிறது. கடைசியில் தன் தலைக் குளத்திலேயே அவன் விழுந்து சாகிறான். இது ரகுகோ கதை, ஆனால் படத்தில் ஷாமிசென் என்ற மூன்று தந்தி வாத்தியத்தை மீட்டியபடி, பாடிக் கதை சொல்லும் ரோக்கியோகு பாணியில் சொல்லப்படுகிறது. ஆஸ்கர் பரிந்துரை வரை போனது, 2003-ல் அன்னெசி அனிமேஷன் விழாவின் உயர்ந்த பரிசும் கிடைத்தது. மேடையில் சொல்லால் மட்டுமே முடிந்த ஒரு அபத்தத்தை அவர் வரைந்துவிட்டார். ருசியை அவர் தொடவில்லை என்பதைக் கவனியுங்கள்.

செலவு? படங்கள் குறைவு. அனுபவமுள்ள குரல்தான் விலை. பத்து நிமிடம் ஒரே ஆள் நான்கு பேராகப் பேசி, சாப்பிட்டு, இருமி, நடுங்க வேண்டும். அப்படி ஒருவர் உங்கள் வட்டத்தில் இருந்தால் வேறெதையும் யோசிக்க வேண்டாம். இல்லாவிட்டால் இந்தப் பக்கம் வராதீர்கள். குரல் சொதப்பினால் எவ்வளவு வரைந்தும் மூட முடியாது.

## கியோகென்: சத்தத்தை வாயாலேயே சொல்லிவிடுவார்கள்

நோ நாடகங்களுக்கு நடுவே ஆடப்படும் சிரிப்பு நாடகம் இது. மாணவர்கள் இதை ஏனோ பட்டியலிலேயே சேர்ப்பதில்லை. எனக்குப் புரியாத விஷயம், ஏனென்றால் குறைந்த பணத்தில் அனிமேஷன் எடுக்கிறவருக்கென்றே செய்து வைத்த மாதிரி இருக்கிறது.

காட்சியமைப்பு கிடையாது. பயணம் போக வேண்டுமானால் மேடையைச் சுற்றி ஒரு நடை நடந்துவிட்டு "இதோ வந்துவிட்டேன்" என்பார்கள், பின்னணி ஓவியமே வேண்டாம். கதவைத் திறந்தால் நடிகரே "சரசரசர" என்கிறார். சாக்கே என்ற அரிசி மது ஊற்றினால் "தொபுதொபுதொபு". கஸுராஒகே என்று உருளையான கருப்பு அரக்குப் பெட்டி ஒன்று இருக்கும். அதுவே ஆசனம், அதுவே பீப்பாய், மேலே ஏறினால் அதுவே மரம், மூடியைக் கழற்றினால் அதுவே பெரிய குடிகிண்ணம். ஒரு பொருளை வரைந்து நான்கு இடத்தில் பயன்படுத்தலாம்.

"புசு" கதையில் எஜமான் வெளியே போகும்போது, பெட்டியில் இருப்பது வச்சநாவி விஷம், அதன் பக்கமிருந்து வரும் காற்றுப் பட்டாலே சாவு என்று இரண்டு வேலைக்காரர்களைப் பயமுறுத்திவிட்டுப் போகிறார். தாரோ காஜாவும் ஜிரோ காஜாவும் விசிறியால் எதிர்க்காற்று வீசிக்கொண்டே பதுங்கிப் பதுங்கிப் போய்த் திறந்து பார்க்கிறார்கள். உள்ளே சர்க்கரை. அந்தக் காலத்தில் அது கப்பலில் வந்து சேர்ந்த அரிய பொருள். வழித்துத் தின்று தீர்த்துவிடுகிறார்கள். பிறகு எஜமானின் சுவரில் தொங்கும் சுருள் ஓவியத்தைக் கிழித்து, விலையுயர்ந்த தேநீர்க் கிண்ணத்தையும் உடைத்துவிட்டு, "இவ்வளவு குற்றம் செய்த பிறகு உயிர் வாழ்வதா என்று விஷத்தைத் தின்றோம், சாவும் வரவில்லை" என்று அழுகிறார்கள். முழுக்க முழுக்கச் சாப்பாட்டுக் கதை. மேடையில் ஒரு சிட்டிகை சர்க்கரைகூடத் தெரியாது.

நான்கு நிமிடத்துக்குப் பொருந்துவது "காகி யாமாபுஷி". பசியோடு வந்த மலைத் துறவி ஒருவர் அடுத்தவன் காகி (பெர்சிமன்) மரத்தில் ஏறிப் பழம் தின்கிறார். தோட்டக்காரன் பார்த்துவிட்டு, பார்க்காதவன் போல, "மரத்துக்குப் பின்னால் இருப்பது காக்கையாக இருக்கும், காக்கையானால் கரையுமே" என்கிறான். துறவி கரைகிறார். "இல்லை, குரங்கோ?" துறவி குரங்காகிறார். "அடடா, பருந்து! பருந்தானால் பறக்க வேண்டுமே." துறவி சிறகடித்துச் சிறகடித்துக் குதித்துவிடுகிறார், இடுப்பு போகிறது. இரண்டு பாத்திரம், ஒரு பெட்டி, மூன்று உருமாற்றம். இதில் விளக்க என்ன இருக்கிறது? நம் ஊரில் மாங்காய் திருடப் போனவர்களுக்கு ஒரு வரி முன்னுரைகூட வேண்டாம்.

இதிலும் மறைவான செலவு உண்டு. அசைவு குறைவாக இருப்பதாலேயே ஒவ்வொரு அசைவும் அளந்து விழ வேண்டும். பாதத்தைத் தரையிலிருந்து எடுக்காமல் வழுக்கி நடக்கும் அந்த நடையைத் தவறாகச் செய்தால் பாத்திரம் சக்கரம் வைத்தது போலத் தெரியும். வரைவதற்கு முன் நீங்களே கூடத்தில் நடந்து பார்த்து வீடியோ எடுத்துக்கொள்ளுங்கள், வெட்கப்பட வேண்டாம். அப்புறம், ஒகுரா, இசுமி என்று இரண்டு பள்ளிகள் இருக்கின்றன, ஒரே கதையின் வசனம் பள்ளிக்குப் பள்ளி மாறும். ஒன்றைப் பிடித்துக்கொண்டு அதிலேயே நில்லுங்கள்.

## கபுகி: இங்கே உண்மையாகவே சாப்பிடுகிறார்கள்

ஆசை எல்லோருக்கும் கபுகி மேல்தான். குமதோரி முகப்பூச்சு, விரியும் உடை, கட்டைச் சத்தத்தோடு உறைந்து நிற்கும் மிஎ. அந்த உறைநிலை அனிமேஷனுக்கு நல்ல தோழன், ஒரு படத்தை இரண்டு விநாடி நிறுத்தினாலும் யாரும் குறை சொல்ல மாட்டார்கள். அந்த இரண்டு விநாடிக்கு ஆசைப்பட்டு உள்ளே போனால் மற்ற நேரமெல்லாம் பூவேலை செய்த கிமோனோவை வரைந்துகொண்டிருப்பீர்கள். உடை அசைய, அதன் மேலிருக்கும் பூக்களும் மடிப்புக்கு மடிப்பு அசைய வேண்டும். 1,920 படங்களை மறுபடி நினைத்துப் பாருங்கள்.

ஆனால் சாப்பாட்டைப் பொறுத்தவரை கபுகிக்கு வேறு எதற்கும் இல்லாத தைரியம் ஒன்று உண்டு. கவாதாகே மொகுஅமி எழுதி 1881-ல் அரங்கேறிய நாடகம் ஒன்றில், பனி கொட்டும் இரவில் நவோசாமுராய் என்று பெயர்பெற்ற தலைமறைவுக் குற்றவாளி இரியா பக்கத்துச் சோபா கடைக்குள் நுழைகிறான். நடிகர் மேடையில் உண்மையான சோபாவை உண்மையாகவே சாப்பிடுகிறார். அதற்கு முன்னால் அவனைத் தேடி வந்தவர்களும் அதே கடையில் சாப்பிட்டிருப்பார்கள், அவக் அவக் என்று. இவன் சாப்பிடும் நேர்த்தியில்தான் இவன் யார் என்பது தெரிகிறது. நாடகம் விட்டதும் பக்கத்துச் சோபா கடைகளில் கூட்டம் சேரும் என்பது பழைய பேச்சு. கிண்ணத்தை வரைந்தே தீர வேண்டிய கதை என்றால் இதுதான். ஆவி, பனி, கை, உதடு. குமதோரியும் பூவேலையும் இல்லாத காட்சி என்பதால் செலவும் குறைவு.

"சுகேரோகு"வில் உதோன் கிண்ணத்தை ஒரு முரடன் தலையில் கவிழ்க்கிறான் நாயகன். அவன் காதலியின் பெயர் அகெமாகி. வறுத்த தோஃபு உறைக்குள் சோறு வைத்த இனாரியில் "அகெ", சுருட்டிய சூஷியில் "மாகி", இரண்டையும் சேர்த்து அடுக்கிய பெட்டிச் சாப்பாட்டுக்கு இன்றும் சுகேரோகு என்றுதான் பெயர். பார்வையாளர் பக்கமும் சாப்பாடுதான். இனிப்பு (காஷி), பெந்தோ என்ற பெட்டிச் சாப்பாடு, சூஷி மூன்றின் முதலெழுத்தைச் சேர்த்து எடோ காலத்து நாடகக் கொட்டகையில் "கா-பெ-சு" என்பார்கள். இடைவேளையில் சாப்பிட்டதால் மக்குனோஉச்சி பெந்தோவுக்கு "திரைகளுக்கு நடுவே" என்று பெயர் வந்தது. மேடையை விட்டுவிட்டு, இடைவேளையில் கொட்டகைக்குள் பெட்டி திறக்கும் கைகளை மட்டும் ஒரு படமாக எடுக்கலாம் என்று எனக்கு வெகுநாளாக ஓர் எண்ணம். யாராவது எடுத்தால் சந்தோஷம்.

கால ஆராய்ச்சி என்ற செலவைச் சொல்லவில்லையே. 1747-ல் பொம்மை நாடகமாக வந்து பிறகு கபுகிக்குப் போன "யோஷிட்சுனே சென்போன் சகுரா"வில் ஒரு சூஷிக் கடைக் காட்சி வரும். ஒரு தொட்டியில் பணம், பக்கத்துத் தொட்டியில் வெட்டிய தலை, மகன் தவறான தொட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறான். படிக்கும்போதே ஸ்டோரிபோர்டு கண்ணில் ஓடும். ஆனால் அந்தச் சூஷி நீங்கள் நினைக்கிற, சோற்றுருண்டைமேல் மீன்துண்டு வைத்த சூஷி இல்லை. அந்த நிகிரி பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில்தான் எடோவில் பரவியது. நாடகத்தில் இருப்பது ஆற்று மீனைச் சோற்றோடு தொட்டியில் அழுத்திப் புளிக்க வைத்த பழைய வகை. தட்டில் நிகிரியை வரைந்தால் ஜப்பானியப் பார்வையாளர் ஒருவர்கூட அடுத்த காட்சியைக் கவனிக்க மாட்டார்.

எனவே கபுகி யாருக்கு? குழுவில் ஐந்தாறு பேர் இருந்து, அதில் ஒருவருக்கு உடை வரலாற்றில் பைத்தியம் இருந்தால் எடுங்கள். இல்லையென்றால் சோபா கடையோடு நிறுத்திக்கொள்ளுங்கள்.

## புன்ராக்கு: சாப்பிட முடியாத வாய்

ஒரு பொம்மைக்கு மூன்று பேர். தலையும் வலக்கையும் ஒருவர், இடக்கை ஒருவர், கால் ஒருவர். பெண் பொம்மைகளுக்குப் பெரும்பாலும் காலே கிடையாது, உடையின் கீழ் விளிம்பை அசைத்து நடையைக் காட்டுவார்கள். ஓரமாக உட்கார்ந்து ஒருவர் எல்லாருக்கும் குரல் கொடுக்க, பக்கத்தில் ஷாமிசென்.

ஸ்டாப் மோஷன்காரர்கள் இதைத் தாண்டிப் போக முடியாது. ப்ராக் நகரம் போய்ச் செக் பொம்மை அனிமேஷன் இயக்குநர் ஜிரி த்ருன்காவிடம் படித்துவிட்டு வந்த கவாமோதோ கிஹாசிரோ, 1972-ல் "ஓனி", 1976-ல் "தோஜோஜி" என்று ஜப்பானிய மேடையின் மூச்சைப் பொம்மை அனிமேஷனுக்குள் கொண்டுவந்தார். அசையாத முகத்தின் மேல் வெளிச்சம் மாறினால் போதும் என்பதை அவர் படங்களில் பார்த்துத்தான் நான் நம்பினேன்.

சாப்பாட்டுக் காட்சி என்றால் "மெய்போகு செந்தாய் ஹாகி"யின் சோறு பொங்கும் காட்சி. செந்தாய் பிரபு குடும்பத்துச் சண்டையை அடிப்படையாகக் கொண்ட கதை. குழந்தைப் பிரபுவுக்கு யாராவது விஷம் வைத்துவிடுவார்கள் என்ற பயத்தில், அரண்மனைச் சமையலை ஒதுக்கிவிட்டு, செவிலித்தாய் மாசாஒகா தேநீர்ச் சடங்குப் பாத்திரங்களிலேயே தன் கையால் சோறு பொங்குகிறாள். பக்கத்தில் பிரபுவும் அவள் மகனும். வயிறு காய்ந்தாலும் பசி இல்லை என்று சொல்லப் பழக்கிய பிள்ளைகள். அரிசி கழுவி, தண்ணீர் வைத்து, நெருப்பு மூட்டி, காத்திருக்கிறார்கள். அப்போது இனிப்புப் பெட்டி ஒன்று வருகிறது. மகன் பாய்ந்து ஓர் இனிப்பைத் தின்றுவிடுகிறான், பிரபுவைக் காப்பாற்ற. தாயின் கண்ணெதிரிலேயே அவனைக் குத்திக் கொல்கிறார்கள், அவள் முகம் மாறக் கூடாது.

சோறு பொங்குவது நீளம் என்பதால் கபுகியில் அதைச் சில சமயம் வெட்டிவிடுவார்கள். ஸ்டாப் மோஷனுக்கு அந்த நீளம்தான் சொத்து. பார்வையாளருக்குப் பசிக்க வேண்டும், அதற்கு நேரம் வேண்டும். அதே நீளம் உங்கள் செலவும்கூட. விளக்கு வெளிச்சத்தில் உண்மைச் சோறு அரை மணி நேரத்தில் காய்ந்து நிறம் மாறும், படப்பிடிப்போ வாரக்கணக்கில் போகும். சோற்றை மெழுகிலோ களிமண்ணிலோ செய்யுங்கள். ஆவிக்குப் பஞ்சு போதும்.

பெண் பொம்மையின் வாயோரத்தில் ஒரு சின்ன ஊசி இருக்கும், சாப்பிடுவதற்காக வைத்தது இல்லை. அழுகை வரும்போது துணியை அதில் மாட்டிவிடுவார்கள், பொம்மை துணியைக் கடித்துக்கொண்டு அழுவதுபோல இருக்கும். சோறு போகாத வாய், துணியை மட்டும் பிடிக்கிறது. இதற்குமேல் நான் என்ன ஸ்டோரிபோர்டு எழுதுவது?

## நோ: தினை வேகும் நேரம்

சுருக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் இதை முதல் படமாக எடுக்க யாருக்கும் நான் சொல்ல மாட்டேன். நோவில் சாப்பாடு கிட்டத்தட்ட இல்லை. "காந்தான்" நாடகத்தில் ரோசெய் என்பவன் விடுதியில் தலையணையில் சாய்கிறான், விடுதிக்காரி தினை வேகவைக்கப் போகிறாள். கனவில் அவன் அரசனாகி ஐம்பது வருடம் ஆள்கிறான். விழித்தால், "தினை வெந்துவிட்டது" என்கிறாள். ஒரே சின்ன மேடைதான் படுக்கையும் சிம்மாசனமும்.

நாடகத்தில் வருவது நமக்குத் தெரிந்த அதே தினைதான் என்பது தமிழ்ப் பார்வையாளருக்கு ஒரு சலுகை. வரைவதும் மலிவு. முகமூடியைச் சற்று நிமிர்த்தினால் மலர்ச்சி, குனிந்தால் வாட்டம். ஒரே முகத்தை வைத்து நிழலை மட்டும் மாற்றலாம். ஆனால் மெதுவாக நகரும் படத்தைப் பொறுத்துப் பார்க்கும் பார்வையாளர் உங்களுக்குக் கிடைப்பாரா? திரைப்பட விழாவுக்கு என்றால் சரி. வகுப்பில் மதியச் சாப்பாட்டுக்குப் பிறகு திரையிடல் என்றால் வேண்டாம்.

## காசே இல்லையென்றால் காமிஷிபாய்

இது பழமையான மரபு இல்லை, 1930-களின் தெருக்கலை. ஆனாலும் சேர்க்காமல் விட மனமில்லை. சைக்கிளில் மரச் சட்டம் வைத்து, படம் வரைந்த அட்டைகளை ஒவ்வொன்றாக உருவிக் கதை சொல்வார்கள். கதைக்குக் கட்டணம் கிடையாது. மிட்டாய் விற்பார்கள், அதுதான் வருமானம். மிட்டாய் வாங்கிய பிள்ளைக்கு முன்வரிசை. நாடகமும் தீனியும் இவ்வளவு நேரடியாகச் சேர்ந்த இடம் வேறு இல்லை. பிற்காலத்தில் பேய்ச் சித்திரக் கதைகளால் புகழ்பெற்ற மிசுகி ஷிகெரு ஒரு காலத்தில் காமிஷிபாய் அட்டை வரைந்து பிழைத்தவர். பத்துப் பதினைந்து படம், ஒரு குரல், அட்டையை உருவும் வேகத்தில் வரும் திகில். கல்லூரிப் படத்துக்கு இது போதாது என்று யாராவது சொன்னால் நான் சண்டைக்கு வருவேன்.

## கேட்டவர்களுக்கு என்ன சொன்னேன்

மாணவிகளுக்கு "காகி யாமாபுஷி". பழத்தை வரைய வேண்டாம், துறவியின் கன்னம் உப்பினால் போதும் என்றேன். ஒருவருக்குச் சம்மதம். இன்னொருவருக்கு இன்னமும் கபுகிதான் மனதில். அவர்களே பேசிக்கொள்ளட்டும்.

மாடியறைக்காரருக்கு மாசாஒகாவின் சோறு, அதிலும் இனிப்புப் பெட்டி உள்ளே வருவதற்கு முன்னால் படத்தை முடிக்கச் சொல்லி. அவர் ஏற்கெனவே அந்தச் சின்ன அடுப்பைச் செய்யத் தொடங்கிவிட்டார்.

முப்பது விநாடிக்காரருக்கு நவோசாமுராயின் சோபா கடை என்று ஒரு பக்கம் எழுதி அனுப்பினேன். அவர் கூப்பிட்டு, கடையில் விற்கப்போவது சோபா இல்லை, ராமென் என்றார். ராமென் எடோ காலத்துக் கதை எதிலும் கிடையாது, சீனக் கடைகள் வழியாகப் பின்னால் வந்து சேர்ந்தது. அப்படியானால் நாடகமே வேண்டாம், நேராகக் கிண்ணத்தை வரையுங்கள் என்றேன். முட்டையை மட்டும் பாதியாக வெட்டி, மஞ்சள் கரு கொஞ்சம் இளகி இருக்கிற மாதிரி.